வாசகர் கேள்விகள்: மாதவி முகர்ஜியின் துணிச்சல்

சென்ற இதழில் ஒருவர், "இந்திய சினிமாவில் துணிச்சலான நடிகை என்று ஒரே ஒருவரைச் சொல்வதென்றால் யாரைச் சொல்வீர்கள்?" என்று கேட்டிருந்தார். "வங்காள நடிகை மாதவி முகர்ஜி" என்று ஒரு வரியில் பதில் எழுதிவிட்டு அடுத்த கேள்விக்குப் போய்விட்டேன். அந்த ஒரு வரிக்கு வந்த கடிதங்கள் மேஜையில் ஒரு சாண் உயரத்துக்குக் கிடக்கின்றன. பாதிப் பேர் "யார் அவர்?" என்கிறார்கள், மீதிப் பேர் சண்டைக்கே வருகிறார்கள். அதனால் இந்த இதழில் வேறு கேள்விகளுக்கு இடமில்லை. மற்ற வாசகர்கள் பொறுத்துக்கொள்ள வேண்டும்.

கேள்வி: துணிச்சலான வேடம் என்றால், குடும்பத்தோடு உட்கார்ந்து பார்க்கக் கூசுகிற காட்சியில் நடிப்பது என்றுதான் எல்லாரும் நினைக்கிறோம். நீங்கள் சொன்ன நடிகையின் படங்களைத் தேடிப் பார்த்தேன். முழுக்கை ரவிக்கையும் இழுத்துப் போர்த்திய சேலையுமாக இருக்கிறார். இதில் துணிச்சல் எங்கே?
- ஒரு வாசகர், குரோம்பேட்டை

பதில்: அவர் கையில் இருக்கும் சின்னக் கண்ணாடியில் இருக்கிறது. சொல்கிறேன்.

"சாருலதா" 1964இல் வந்த படம். நான் பார்த்தது 1978இல், வடபழநிப் பக்கம் ஒரு பிரிவியூ தியேட்டரில், திரைப்படச் சங்கத்தார் போட்டபோது. எனக்கு இருபது வயது. துணைக்கு அண்ணன். பதினாறு எம்.எம். பிரிண்ட், ஒரே புரொஜெக்டர். ரீல் மாற்றும்போதெல்லாம் விளக்கைப் போட்டுவிடுவார்கள். அப்படி விளக்கு எரியும்போது அண்ணன் என் முகத்தைப் பார்த்துவிடக் கூடாதே என்று நான் தலையைக் குனிந்துகொண்டேன்.

கதை 1879, 80ஆம் ஆண்டுகளில் கல்கத்தாவில் நடக்கிறது. தாகூர் 1901இல் எழுதிய "நஷ்டநீட்" என்ற குறுநாவல், சத்யஜித் ரே இயக்கம். பணக்கார வீடு. கணவன் பூபதி நல்லவன், ஆனால் தான் நடத்தும் ஆங்கிலப் பத்திரிகையோடு கல்யாணமாகிவிட்டவன். படம் தொடங்கும்போது சாருவின் கை கைக்குட்டையில் கணவன் பெயரின் முதல் எழுத்தைத் தையல் போட்டுக்கொண்டிருக்கிறது. பிறகு அவள் எழுந்து, அலமாரியிலிருந்து ஒரு புத்தகத்தை எடுத்து, அதுவும் ஒட்டாமல், நாடகக் கொட்டகையில் தூரத்திலிருந்து பார்க்க உதவும் கைப்பிடி வைத்த கண்ணாடி ஒன்றை எடுத்துக்கொள்கிறாள். ஜன்னல் ஜன்னலாக ஓடி மரச்சட்டத்தை நெம்பித் தெருவைப் பார்க்கிறாள். குடை பிடித்துப் போகும் ஒரு தொந்திக்காரர், ஒரு பல்லக்கு. இத்தனைக்கும் வசனம் என்று சொல்ல எதுவும் இல்லை. அப்போது கணவன் ஒரு புத்தகத்தைப் படித்துக்கொண்டே அவளைத் தாண்டிப் போகிறான். அவள் நிற்பதே அவனுக்குத் தெரியவில்லை. விலகிப் போகும் அவன் முதுகை அதே கண்ணாடி வழியாகப் பார்த்துவிட்டு, அவள் கையைத் தொங்கவிடுகிறாள்.

குரோம்பேட்டை நண்பரே, ஒரு மனைவி தன் கணவனைத் தெருவில் போகிற யாரோ ஒருவனைப் பார்ப்பதுபோலப் பார்க்கிறாள். அதற்கு முன் நான் பார்த்த படங்களில் எல்லாரும் கதாநாயகியைப் பார்ப்பார்கள். ரசிகன், நாயகன், வில்லன், மாமியார், கேமரா. இங்கே அவள் பார்க்கிறாள், நாம் அவள் பார்ப்பதைப் பார்க்கிறோம்.

அதே 1964இல் இங்கே "காதலிக்க நேரமில்லை"யும் "நவராத்திரி"யும் ஓடின. சாவித்திரியை நான் ஒருநாளும் குறைத்துச் சொல்ல மாட்டேன். அந்தக் கண்களுக்கு இணை இன்னும் வரவில்லை. ஆனால் அவருக்கு எழுதிக் கொடுத்த பெண்கள் அழலாம், காத்திருக்கலாம், தியாகம் செய்யலாம். சலித்துக்கொள்ள மட்டும் அவர்களுக்கு அனுமதி கிடையாது. நல்ல கணவன், நிறைந்த சோறு, நாலு வேலையாட்கள் இருந்தும் ஒரு பெண்ணுக்குச் சலிப்பு வரும் என்று கொட்டாவி விடாமல் நடித்துக் காட்டினார் மாதவி. எனக்குத் தலை குனிந்துபோனது அதனால்தான். மந்தைவெளியில் எங்கள் வீட்டு மாடி ஜன்னலில் நானும் அப்படித்தான் நின்றுகொண்டிருந்தேன். அது யாருக்கும் தெரியாது என்று நினைத்திருந்தேன்.

பிறகு அமல் வருகிறான், பூபதியின் அத்தை மகன். நம் ஊரில் அத்தை மகன் என்றால் முறை வேறு. வங்காளத்தில் அவனும் கூடப் பிறந்த தம்பி மாதிரிதான். அவன் சாருவை "பௌட்டான்" என்று கூப்பிடுகிறான். ஆங்கில வசன வரிகளில் அது வெறும் உறவுப்பெயராகப் போய்விடுகிறது. எங்கள் தெருவில் குடியிருந்த ஒரு வங்காள மாமி, "உங்க ஊர் அண்ணி மாதிரிதான், ஆனா கொஞ்சம் செல்லம் கூட" என்று சொன்ன பிறகுதான் அந்தக் கூப்பிடுதலின் ஈரம் எனக்குப் புரிந்தது. அண்ணி என்ற சொல்லில் தாயும் இருக்கிறாள், தோழியும் இருக்கிறாள். அந்த வேலிக்குள் நின்றபடி சாரு அவனை நேசித்துவிடுகிறாள்.

தோட்டத்தில் அவள் ஊஞ்சல் ஆடும் காட்சியில் கேமராவும் ஊஞ்சலோடு சேர்ந்து ஆடும். முகம் அப்படியே நிற்க, பின்னால் மரமும் வெளிச்சமும் போய்ப் போய் வரும். அமல் புல்தரையில் குப்புறப் படுத்து எழுதிக்கொண்டிருப்பான். அவள் அந்தக் கண்ணாடியை எடுத்து, எதிர்வீட்டு ஜன்னலில் குழந்தையோடு நிற்கும் ஒரு பெண்ணைப் பார்க்கிறாள். பிறகு கண்ணாடியை மெதுவாக அமல் பக்கம் திருப்புகிறாள். அந்த நொடியில் அவளுக்கே தெரிந்துவிடுகிறது. தெரிந்துவிட்டது என்பதை மாதவி எதைக் கொண்டு காட்டினார் என்று எத்தனையோ முறை பார்த்தும் என்னால் சொல்ல முடியவில்லை. புருவம் ஏறவில்லை, கண்ணில் நீர் இல்லை. ஊஞ்சல் மட்டும் நின்றுபோகிறது.

அவர் சேலை கடைசிவரை விலகவில்லை, உண்மைதான்.

கேள்வி: மாதவி நம் சிலப்பதிகாரப் பெயர் ஆயிற்றே. அவர் தமிழ்நாட்டோடு தொடர்புள்ளவரா?
- ஓய்வுபெற்ற தமிழாசிரியர், திருவொற்றியூர்

பதில்: இல்லை ஐயா, 1942இல் கல்கத்தாவில் பிறந்தவர். பெற்றோர் வைத்த பெயர் மாதுரி. மிருணாள் சென் தன் "பைஷே ஷ்ராவண்" படத்தில் (1960) அவரை நாயகியாக்கியபோது மாதவி என்று மாற்றினார். நாம் குருக்கத்தி என்கிற கொடிதான் அங்கே மாதவி. படத்தின் தலைப்பு தாகூர் மறைந்த நாளைக் குறிக்கும் தேதி. கதையோ ஒரு கிராமத்துத் தம்பதியையும் 1943 பஞ்சத்தையும் பற்றியது. பசி ஒரு கணவனை மனைவியின் பங்குச் சோற்றையும் மறக்கச் செய்கிற இடம் வரும். அதற்கு மேல் சொல்லவில்லை, நீங்களே பாருங்கள்.

கேள்வி: "மஹாநகர்" படத்தைப் பாராட்டி நீங்கள் முன்பும் எழுதியிருக்கிறீர்கள். நானும் பார்த்தேன். ஒரு பெண் வேலைக்குப் போகிறாள், அவ்வளவுதானே? என் மனைவி, மருமகள், மகள் எல்லாரும் வேலைக்குப் போகிறார்கள். இதைப் புதுமை என்று எப்படிச் சொல்வது?
- வங்கி ஊழியர், வில்லிவாக்கம்

பதில்: உங்கள் வீட்டில் மூன்று பெண்கள் வேலைக்குப் போவது மகிழ்ச்சி. அவர்களுக்கு முன்னால் போன ஒருத்தியைப் பற்றிக் கொஞ்சம் விரிவாக எழுத அனுமதி கொடுங்கள்.

நரேந்திரநாத் மித்ராவின் கதையை வைத்து ரே 1963இல் எடுத்த படம் அது. மாதவிதான் ஆரத்தி. கணவன் சுப்ரதா ஒரு வங்கியில் வேலை பார்க்கிறான். மாமனார் ஓய்வுபெற்ற பள்ளி ஆசிரியர். அதற்கு மேல் மாமியார், பிள்ளை, கணவனின் தங்கை. தங்கையாக வரும் பெண் ஜெயா பாதுரி, பிற்காலத்தில் ஜெயா பச்சன். சம்பளம் போதவில்லை என்று ஆரத்தி வேலைக்குப் போகிறாள். பின்னல் இயந்திரத்தை வீடு வீடாகப் போய் விற்கும் வேலை. மாமனார் மகனோடு பேச்சை நிறுத்திவிடுகிறார்.

என் அம்மா 1966இல் வேலைக்குப் போனாள். பாரிமுனையில் ஒரு வியாபார அலுவலகத்தில் தட்டெழுத்து வேலை. அப்பாவின் சம்பளத்தில் ஐந்து பேர் சாப்பிட முடியவில்லை, வேறு காரணம் இல்லை. தாத்தா, அதாவது அப்பாவின் அப்பா, அம்மாவோடு நேரடியாகப் பேசுவதை அன்றைக்கே நிறுத்தினார். "அவளைத் தண்ணி கொண்டாரச் சொல்லு" என்று எட்டு வயதுப் பிள்ளையான என்னிடம் சொல்வார். அம்மா அதே அறையில்தான் நிற்பாள். நான் திரும்பி அம்மாவிடம் சொல்ல வேண்டும். அவள் கொண்டுவந்து என்னிடம் கொடுக்க வேண்டும். இரண்டு வருஷம் இந்த வீட்டுக்குள் நான் தபால்காரியாக இருந்தேன்.

ஆரத்தி முதல் சம்பளம் வாங்கியதும் அலுவலகக் கழிவறைக்குள் போய், நோட்டுகளைக் கையில் பிடித்தபடி கண்ணாடியில் தன்னைப் பார்த்துக்கொள்வாள். அந்தக் கண்ணாடிக்கும் சாருவின் கண்ணாடிக்கும் உறவு உண்டு என்பது என் எண்ணம். ஒருத்தி வெளியே பார்க்கிறாள், ஒருத்தி தன்னையே பார்க்கிறாள். அம்மா முதல் சம்பளத்தைப் பழுப்புக் கவரோடு சாமி படத்துக்கு முன்னால் வைத்தாள். விளக்கேற்றிக் கும்பிட்டாள். பிறகு யாரும் பார்க்கவில்லை என்று நினைத்துக் கவரைப் பிரித்து நோட்டுகளை முகர்ந்து பார்த்தாள். நான் கதவிடுக்கில் நின்றிருந்தேன்.

ஆரத்தியோடு வேலை பார்க்கும் ஈடித் ஆங்கிலோ இந்தியப் பெண். உதட்டுச்சாயம் பூசக் கற்றுக்கொடுப்பாள். கணவன் ஒருநாள் அதைப் பையில் பார்த்துக் குத்திக் காட்ட, ஆரத்தி எடுத்து ஜன்னல் வழியே எறிந்துவிடுவாள். மனைவி சம்பாதிப்பது பொறுக்காமல் அவன் ராஜினாமா கடிதம் எழுதிக் கொடுத்து அனுப்புகிறான். அன்றைக்கே அவன் வங்கி திவாலாகி அவன் வேலை போகிறது. ஓடிப்போய்த் தொலைபேசியில், "கடிதத்தைக் கொடுத்துவிடாதே" என்கிறான். அன்றிலிருந்து அந்தக் குடும்பத்துக்கு அவள் சம்பளம் ஒன்றுதான்.

இங்கேதான் வில்லிவாக்கத்து அன்பர் கேட்ட புதுமை வருகிறது. ஈடித் உடம்பு சரியில்லாமல் விடுப்பு எடுக்கிறாள். அவள் நடத்தையைப் பற்றி இழிவாகப் பேசி முதலாளி வேலையை விட்டு நீக்குகிறார். ஆரத்தியிடம் அவருக்கு நல்ல மதிப்பு, பதவி உயர்வுக்கும் வழி இருக்கிறது. ஆரத்தி நேராகப் போய், ஈடித்திடம் மன்னிப்புக் கேளுங்கள் என்கிறாள். அவர் மறுக்கிறார். முன்பு கணவன் எழுதிக் கொடுத்த அதே ராஜினாமா கடிதத்தை எடுத்துக் கொடுத்துவிட்டுப் படியிறங்குகிறாள். வீட்டில் அடுப்பு எரிய வேறு வழி கிடையாது. அந்தப் பெண் இவளுக்குச் சொந்தமில்லை, மொழி வேறு, மதம் வேறு. வேலைக்குப் போவது ஒரு துணிச்சல்தான். ஆனால் அதைப் பசி செய்ய வைத்துவிடும். இன்னொருத்திக்காக அந்த வேலையை வேண்டாம் என்று சொல்வதை எது செய்ய வைக்கும்?

தொண்ணூறுகளின் தொடக்கத்தில் தூர்தர்ஷனில் இந்தப் படத்தைப் போட்டார்கள். அம்மா அப்போது வேலையிலிருந்து ஓய்வு பெற்றிருந்தாள். கீரை ஆய்ந்துகொண்டே பார்த்தாள். ஆரத்தி படியிறங்கும் இடத்தில் அவள் கை நின்றது. படம் முடிந்த பிறகும் முறத்தை எடுக்கவில்லை.

பிறகு சொன்னாள். அவளோடு ஒரு ஸ்டெனோ இருந்தாராம், பெரம்பூரிலிருந்து ரயிலில் வரும் ஆங்கிலோ இந்தியப் பெண். அம்மாவுக்குக் கணக்குத் தாளில் கோடு போடவும், குடை பிடித்தபடி பஸ் ஏறவும், மேலதிகாரி கத்தினால் அழாமல் நிற்கவும் கற்றுக்கொடுத்தவர். ஒருநாள் தபால்தலைக் கணக்கில் பன்னிரண்டு ரூபாய் குறைந்தது. கவுன் போட்டவள் மேல் சந்தேகம் விழுந்தது. "அவங்க அப்படித்தான்" என்று மேனேஜர் சொன்னாராம். அன்றைக்குத் தபால்தலைப் பெட்டி பக்கமே அந்த ஸ்டெனோ போகவில்லை என்பது அம்மாவுக்குத் தெரியும். பக்கத்து மேஜை. "எனக்குத் தெரியும்டி, ஆனா வாயைத் திறக்கலை. வீட்ல அஞ்சு வயிறு இருந்துச்சு" என்றாள். அந்தப் பெண் மேஜையைக் காலி செய்துகொண்டு போகும்போது அம்மாவைத் திரும்பிப் பார்த்தாராம், கோபமே இல்லாமல். இருபத்தைந்து வருஷமாக என்னிடம்கூடச் சொல்லாததை மாதவி முகர்ஜி சொல்ல வைத்தார்.

அம்மாவை நான் குறை சொல்ல மாட்டேன். அவள் சம்பளத்தில் படித்தவள் நான். ஆனால் ஆரத்தி செய்தது எவ்வளவு பெரிய காரியம் என்று எனக்கு விளங்கியது, அதைச் செய்ய முடியாமல் போன ஒருத்தியின் முகத்தைப் பார்த்துத்தான்.

கேள்வி: இப்படிப்பட்ட வங்காளப் பெண் பாத்திரங்கள் தமிழுக்கு வந்ததே இல்லையா?
- இல்லத்தரசி, அண்ணாநகர்

பதில்: வந்திருக்கிறார்கள், நம் வீட்டுப் பெண்கள் போலவே வந்ததால் நாம் ஊர் கேட்கவில்லை. சுசித்ரா சென் இரட்டை வேடத்தில் நடித்த "உத்தர் பால்குனி" (1963) இங்கே கே. பாலசந்தர் இயக்கத்தில் "காவியத் தலைவி" (1970) ஆயிற்று. குடிகாரக் கணவனிடம் சிக்கி ஆடிப் பிழைக்க வந்த தாய், அவளுக்காக நீதிமன்றத்தில் வாதாடும் வக்கீல் மகள், இரண்டும் சௌகார் ஜானகி. அந்தப் படத்தைத் தயாரித்தவரும் அவரேதான். நல்ல வேடம் தேடி வரட்டும் என்று உட்கார்ந்திருக்காமல் தானே பணம் போட்டு எடுத்தார் என்பதை இன்றைய நடிகைகள் தெரிந்துகொள்ள வேண்டும்.

இன்னொருத்தி கவிதா. "அவள் ஒரு தொடர்கதை" (1974), சுஜாதாவுக்குத் தமிழில் முதல் படம். ரித்விக் கட்டக்கின் "மேகே தாக்கா தாரா" (1960) படத்து நீதாவின் தாக்கத்தில் பிறந்தவள் இவள். நீதாவாக நடித்தவர் சுப்ரியா சௌத்ரி. கிழக்கு வங்காளத்திலிருந்து அகதியாக வந்த குடும்பத்தை ஒற்றை ஆளாகச் சுமக்கிறாள். செருப்பு வார் அறுந்தால் கையில் எடுத்துக்கொண்டு நடக்கிறாள். காதலன் தங்கைக்குப் போய்விடுகிறான். அதைத் தெரிந்துகொண்டு அவள் படியிறங்கும்போது சாட்டை சொடுக்கும் சத்தம் கேட்கும். திரையில் சாட்டை எதுவும் இருக்காது.

இரண்டு முடிவுகளையும் வைத்துப் பாருங்கள். கவிதா மறுபடியும் ஆபீஸ் பஸ் ஏறுகிறாள். வாழ்க்கை தொடர்கதையாகப் போகிறது. நீதாவோ காசநோயோடு ஷில்லாங் மலையில் இருக்கிறாள். பார்க்க வந்த அண்ணன் வீட்டுக் கதைகளைச் சிரித்துக்கொண்டே சொல்ல, திடீரென்று அவனைப் பிடித்துக்கொண்டு, "அண்ணா, நான் வாழத்தான் ஆசைப்பட்டேன்" என்று கதறுகிறாள். மலையெல்லாம் அந்தக் குரல் திரும்பத் திரும்பக் கேட்கிறது. தியாகம் செய்கிற பெண் நமக்குப் பழக்கம். தியாகம் செய்த பிறகு "எனக்கு இது வேண்டியிருக்கவில்லை, எனக்கு வாழ வேண்டியிருந்தது" என்று சொல்கிறவள் வேறு. கவிதாவுக்குக் கோபம் இருந்தது. அந்தக் கதறலைத் தமிழ் சினிமா அவளுக்குக் கொடுத்திருக்கலாம் என்ற குறை எனக்கு இன்றும் உண்டு.

ஒரு நல்ல செய்தியும் உண்டு. நம் கவிதா 1977இல் "கபிதா"வாக வங்காளத்துக்கே திரும்பிப் போனாள். மாலா சின்ஹா நடித்தார். கமல்ஹாசன் நடித்த வங்காளப் படம் அது.

கேள்வி: ஆடை களைந்து நடிப்பது துணிச்சல் இல்லை என்கிறீர்களா?
- ஒரு வாசகர், பெரம்பூர்

பதில்: அப்படிச் சொல்ல மாட்டேன். அதுவும் துணிச்சல்தான், நம் ஊரில் அதற்கு ஒரு நடிகை கொடுக்கும் விலை பெரிது. பாவ்லி தாம் நடித்த "சத்ராக்" (2011) இலங்கை இயக்குநர் விமுக்தி ஜயசுந்தர எடுத்த வங்காளப் படம். கான் விழாவில் இயக்குநர்களுக்கான தனிப் பிரிவில் திரையிட்டார்கள். துபாயிலிருந்து கல்கத்தாவுக்குத் திரும்பும் ஒரு கட்டடக் கலைஞன், காட்டில் திரியும் தன் தம்பியைத் தேடுகிற கதை. வளர்ந்துகொண்டே போகும் கட்டடங்களுக்கு நடுவே ஊர் காணாமல் போவதைச் சொல்லும் படம். ஆனால் அதிலிருந்து ஒரே ஒரு காட்சியை வெட்டி எடுத்துக் கைப்பேசியில் சுற்றவிட்டவர்களுக்குக் கதையும் தெரியாது, தம்பியும் தெரியாது. நடித்தவர் துணிந்து நடித்தார். வெட்டியவர்கள் அதை அவரிடமிருந்து எடுத்துக்கொண்டார்கள். எனக்கு வருத்தம் அங்கேதான்.

கேள்வி: மேடம், நான் பழைய படங்கள் பார்த்ததில்லை. "பாதாள் லோக்" தொடரில் நாயை எடுத்து வளர்க்கும் மனைவியாக வரும் ஸ்வஸ்திகா முகர்ஜியை மிகவும் பிடிக்கும். அவரை உங்கள் வரிசையில் சேர்ப்பீர்களா?
- கல்லூரி மாணவி, தாம்பரம்

பதில்: தாராளமாக. உங்கள் கடிதம் வந்த பிறகு அந்தத் தொடரை மறுபடி பார்த்தேன். கணவன் பெரிய தொலைக்காட்சிச் செய்தியாளன். வீடெல்லாம் கண்ணாடியும் வெளிச்சமும். மனைவி டாலிக்குப் பதற்ற நோய். அவன் அவளைத் தாண்டித் தாண்டிப் போகிறான். பூபதி போன அதே நடை, நூற்று நாற்பது வருஷம் கழித்து. தெருவில் கண்ட ஒரு பெண் நாய்க்கு சாவித்திரி என்று பேர் வைத்து அவள் பேசத் தொடங்குகிறாள். சாரு கண்ணாடியை எடுத்தாள், இவள் நாயை எடுத்தாள்.

ஸ்வஸ்திகா வங்காள நடிகர் சந்து முகர்ஜியின் மகள். 2001இல் "ஹேமந்தேர் பாக்கி"யில் சினிமாவுக்கு வந்தார். அவரிடம் எனக்குப் பிடித்தது, பார்க்கிறவர்கள் தன்னை விரும்ப வேண்டும் என்று கேட்காத குணம். "கலா" (2022) படத்தில் மகளின் பாட்டைக் கடைசிவரை ஏற்காத தாயாக வருகிறார். அவரை மன்னிக்க நமக்கு ஒரு சின்னச் சாக்குக்கூடக் கொடுக்க மாட்டார். தாய்ப் பாத்திரத்தில் இப்படி நடிக்க மனசு வேண்டும். பத்து வருஷத்துக்கு நமக்கு அம்மா வேடம் வராமல் போகலாம் என்று பயந்தவர்கள் அப்படி நடிக்க மாட்டார்கள்.

அவரிலிருந்து பின்னோக்கி நடந்து மாதவியிடம் போங்கள். கறுப்பு வெள்ளை என்று தள்ளிவிடாதீர்கள். "மஹாநகர்", "சாருலதா" இரண்டும் புதுப்பிக்கப்பட்ட நல்ல பிரதிகளாக இணையத்தில் கிடைக்கின்றன. கைப்பேசியில் பார்க்க வேண்டாம். விடுதியில் நாலு பேர் சேர்ந்து ஒரு மடிக்கணினியிலாவது பாருங்கள். விளக்கை அணைத்துவிட்டு.

கேள்வி: பெயர் போட வேண்டாம். எனக்கு நாற்பத்தாறு வயது. உங்கள் ஒரு வரியைப் படித்துவிட்டு "சாருலதா"வைப் பார்த்தேன். அவள் எழுதிய கட்டுரை பத்திரிகையில் வந்ததும் அந்தப் பத்திரிகையாலேயே அமல் தலையில் அடித்துவிட்டு அழுகிறாளே, அந்த இடத்தில் நானும் அழுதுவிட்டேன். கணவர் "எதுக்கு அழறே?" என்றார். சொல்லத் தெரியவில்லை. நான் பதினேழு வருஷமாகக் கவிதை மாதிரி ஏதோ எழுதி, மளிகைக் கணக்கு நோட்டின் பின்பக்கத்தில் வைத்திருக்கிறேன். யாரும் பார்த்ததில்லை. இதை வீட்டில் காட்டலாமா?
- வேளச்சேரி

பதில்: சகோதரி, அந்தக் காட்சியை எத்தனையோ பேர் காதல் காட்சி என்று எழுதியிருக்கிறார்கள். காதலும் இருக்கிறது. ஆனால் அவள் எழுதியது எதைப் பற்றி என்று யோசியுங்கள். எழுத உட்கார்ந்ததும் வார்த்தை வரவில்லை. பிறகு தான் பிறந்த கிராமத்தை நினைக்கிறாள். ஆறும் படகும் திருவிழாவும் அவள் முகத்தின் மேல் ஒன்றன்மேல் ஒன்றாக ஓடுகின்றன. எழுதியதை யாரிடமும் காட்டாமல் நேரே பத்திரிகைக்கு அனுப்புகிறாள். கணவன் வீட்டிலேயே அச்சகம் வைத்திருக்கிறான். அவனிடம்கூடக் கேட்கவில்லை.

அதனால் வீட்டில் காட்டுவதா என்ற கேள்விக்கு நான் பதில் சொல்லப் போவதில்லை. உங்கள் கணவர் நல்லவராகவே இருக்கலாம், பூபதியும் நல்லவன்தான். ஒரு நாள் காட்டுவீர்கள். அந்த நாளை நீங்களே தேர்ந்தெடுங்கள். அதற்கு முன் உங்களை அறியாத ஒருவர் அதைப் படிக்கட்டும். நான் படிக்கிறேன்.

நோட்டை அப்படியே அனுப்பிவிடாதீர்கள், தொலைந்தால் என் மனசு தாங்காது. உங்களுக்குப் பிடித்த ஐந்தை மட்டும் படியெடுங்கள். கோடு போட்ட தாளில், ஒரு பக்கம் மட்டும், இடது ஓரம் ஒரு விரல் இடம் விட்டு எழுதுங்கள். பத்திரிகை அலுவலக முகவரிக்கு, "கேள்வி பதில் பகுதி" என்று உறையின் மேல் குறித்து அனுப்புங்கள். அந்தக் குறிப்பு இருந்தால் உறையை நான்தான் பிரிப்பேன்.